இரண்டு சட்டங்கள், ஒரே கிரயப் பத்திரம்

அரசு எடுத்துக்கொண்ட நிலத்துக்கு என்ன விலை என்பதை ஏறக்குறைய 120 ஆண்டுகள் முடிவு செய்தது 1894ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம். 2014 ஜனவரி 1 முதல் அதன் இடத்தில் 2013ஆம் ஆண்டுச் சட்டம் நடைமுறையில் இருக்கிறது. இரண்டுக்கும் உள்ள தூரம் பெரிது என்றே விவசாயிகளிடம் சொல்லப்படுகிறது. கணக்கும் அப்படித்தான் காட்டுகிறது.

ஓர் ஏக்கர் புன்செய்க்குச் சந்தை மதிப்பு 5 லட்சம் ரூபாய் என்று அதிகாரி முடிவு செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். பழைய சட்டத்தில் அதோடு 30 விழுக்காடு ஆறுதல் தொகை சேரும். மொத்தம் ஆறரை லட்சம். 1984 திருத்தத்துக்கு முன் அந்த ஆறுதல் தொகையும் 15 விழுக்காடுதான். புதிய சட்டத்தில், கிராமப்புற நிலமானால் மதிப்பை இரண்டு மடங்கு வரை பெருக்கலாம். வரும் தொகைக்குச் சமமாக ஆறுதல் தொகையும் உண்டு. அதிகபட்சம் 20 லட்சம். நகரத்தில் பெருக்கல் இல்லை, 10 லட்சம். ஆண்டுக்கு 12 விழுக்காடு கூடுதல் தொகை இரண்டிலும் இருப்பதால் அதை விட்டுவிடலாம்.

இன்னொரு வேறுபாட்டை நான் இதைவிடப் பெரிதாக மதிக்கிறேன். பழைய சட்டத்தின் கண்ணுக்குப் பட்டாதாரரும் நிலத்தில் சட்டப்படி உரிமை உள்ளவரும்தான் தெரிந்தார்கள். அந்த மண்ணில் மூன்றாண்டுகள் உழைத்து அதையே நம்பியிருந்த குத்தகைதாரரையும் விவசாயக் கூலியையும் பாதிக்கப்பட்ட குடும்பமாக ஏற்றது 2013ஆம் ஆண்டுச் சட்டம்தான்.

ஆனால் அந்த 5 லட்சம் எங்கிருந்து வந்தது? அங்கே இரண்டு சட்டங்களும் ஒரே பீரோவைத்தான் திறக்கின்றன: சார்பதிவாளர் அலுவலகத்துப் பத்திரங்களை. எந்தப் பத்திரத்தை ஒப்பிடுவது என்பதைப் பழைய சட்டம் பெரும்பாலும் அதிகாரியின் முடிவுக்கு விட்டது. புதியது அவரைக் கட்டிப்போடுகிறது. பத்திரப் பதிவுக்காக அரசு நிர்ணயிக்கும் வழிகாட்டி மதிப்பு ஒருபுறம். அக்கம்பக்கத்தில் கடந்த மூன்றாண்டுகளில் பதிவான கிரயங்களில் விலை கூடிய பாதியின் சராசரி மறுபுறம். எது அதிகமோ அதை எடுக்க வேண்டும். நல்ல முன்னேற்றம்தான். ஆனாலும் முத்திரைத் தீர்வைக்கு அஞ்சி விலையைக் குறைத்து எழுதுவது ஊரறிந்த பழக்கம். 25 லட்சத்துக்குக் கைமாறிய ஏக்கர் பத்திரத்தில் 5 லட்சமாக நின்றால், நான்கு மடங்கு கொடுத்தாலும் அடுத்த ஊரில் அதே அளவு நிலம் வாங்க முடியாது. கட்டாயமாக இழப்பதற்கு ஈடாகத் தர வேண்டிய ஆறுதல் தொகை, விலைக் குறைவை அடைக்கவே போய்விடுகிறது.

வழிகாட்டி மதிப்பும் விவசாயியைக் கேட்டு மாறுவதில்லை. 2017 ஜூனில் தமிழக அரசு அதை 33 விழுக்காடு குறைத்தது. 2023 ஏப்ரலில்தான் பழைய அளவுக்குத் திரும்பியது. மனை வாங்கியவர்களுக்கு அது சலுகை. அந்த ஆண்டுகளில் நிலம் எடுக்கப்பட்டு, வழிகாட்டி மதிப்பே அடிப்படையாக அமைந்தவருக்கோ மூன்றில் ஒரு பங்கு இழப்பு, அதுவும் பெருக்கலுக்கு முன்பே.

இதற்கான மருந்து 2013ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே இருக்கிறது. நில எடுப்பைத் தொடங்கும் முன், அப்பகுதியில் நிலவும் விலையை வைத்து மதிப்பைத் திருத்திப் புதுப்பிக்க மாவட்ட ஆட்சியர் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்கிறது 26ஆம் பிரிவு. பழைய சட்டத்தில் இல்லாத கடமை இது. பெருக்கல் எண்ணைப் பற்றி ஊர்க்கூட்டங்களில் நடக்கும் வாதத்தில் பாதியாவது இந்தக் கடமையைப் பற்றி நடக்க வேண்டும்.

நில எடுப்பு அறிவிப்பு வந்திருக்கும் உழவர்களே, மதிப்பு புதுப்பிக்கப்பட்டதா என்று முதல் விசாரணையிலேயே எழுத்தில் கேளுங்கள். இச்சட்டத்தின்கீழ் தீர்வம் வழங்கப்படும்போது நீங்கள் நேரில் இருந்தால், தொகையை எதிர்த்து மனுக் கொடுக்க அன்றிலிருந்து ஆறு வாரமே அவகாசம்.