பாபநாசம் முதல் கூடங்குளம் வரை: நம்மூருக்குக் கரண்ட் வந்த கதை

மலருக்கு வரலாற்றுக் கட்டுரை ஒன்று வேண்டும் என்று சங்கத்து நண்பர்கள் கேட்டார்கள். "ராஜா கதை வேண்டாம், படிக்கிற பிள்ளைகளுக்குப் பயன்படுற மாதிரி எழுதுங்க" என்றும் சேர்த்துச் சொன்னார்கள். தளவாய்புரத்தில் காலையில் கண் விழித்தால் காதில் விழுவது தையல் மிஷின் சத்தம்தான். நைட்டி தைக்கிற ஊர் என்று வெளியூர்க்காரர்களும் நம்மை அறிவார்கள். அந்த மிஷின் ஓட நூல் வேண்டும், துணி வேண்டும். அதற்கெல்லாம் முன்னால் கரண்ட் வேண்டும். அந்தக் கரண்ட் எந்த வழியாக வந்தது, அதற்காக யார் யார் என்ன கொடுத்தார்கள் என்பதும் வரலாறுதானே? அதையே எழுதுகிறேன்.

தண்ணீர் தந்த வெளிச்சம்

சென்னை மாகாணத்தில் பெரிய அளவில் மின்சாரம் பிறந்தது மலையில். 1932 இல் நீலகிரியில் பைக்காரா, 1937 இல் மேட்டூர், 1944 இல் நமக்குத் தெற்கே தாமிரபரணியில் பாபநாசம் என்று நீர்மின் நிலையங்கள் ஒவ்வொன்றாக வந்தன. பைக்காரா மின்சாரத்தை நம்பிக் கோயம்புத்தூர் மில்கள் பெருகின. நம் பக்கத்திலே 1936 இல் பி.ஏ.சி. ராமசாமி ராஜா ராஜபாளையம் மில்ஸைத் தொடங்கினார். தென் மாவட்டங்களுக்குப் பாபநாசம் வரப்பிரசாதமாக அமைந்தது.

சுதந்திரத்துக்குப் பிறகு, நம் மாவட்டத்து விருதுநகரில் பிறந்த காமராஜர் 1954 முதல் 1963 வரை முதலமைச்சராக இருந்த காலத்தில், கம்பி கிராமங்களை நோக்கி நடந்தது. 1957 இல் மின்சார வாரியம் அமைந்தது. கமலை கட்டி இறைத்த கிணறுகளில் பம்ப்செட் வந்து உட்கார்ந்தது. கனடா நாட்டு உதவியோடு நீலகிரியில் குந்தா திட்டம் உருவானது. 1962 இல் நெய்வேலி பழுப்பு நிலக்கரியிலிருந்து மின்சாரம் எடுத்தார்கள்.

ஆனால் ஒரு குறை. அணையை நம்பின மின்சாரம் மழையை நம்பின மின்சாரம். மழை பொய்த்தால் கரண்டும் பொய்க்கும். நல்ல நிலக்கரியோ பீகார், வங்காளம், ஒரிசா பக்கம் கிடந்தது. ரயிலிலும் கப்பலிலும் ஏற்றித் தெற்கே கொண்டுவர வேண்டும். வளர்கிற நாட்டுக்கு வேறு ஒரு வழியும் தேவைப்பட்டது. அங்கேதான் அணு வருகிறது.

பெட்ரோமாக்ஸுக்குள் இருந்த தோரியம்

அணு என்றதும் ஏதோ வெளிநாட்டு விஷயம் என்று நினைக்க வேண்டாம். நம் பாட்டன் காலத்துக் கல்யாண வீட்டிலேயே அது இருந்தது! பெட்ரோமாக்ஸ் லைட்டில் வெள்ளையாக எரியுமே மேன்டில், அதில் பூசியிருந்தது தோரியம். சூடானால் பளிச்சென்று ஒளிவிடும் குணம் அதற்கு உண்டு. பொங்கல் திருவிழாவில் தலையில் லைட் தூக்கிப் போனவர்கள் அறியாமலே தோரியத்தைத் தூக்கிப் போனார்கள்.

அந்தத் தோரியம் கிடைப்பதும் நம் கடற்கரையில்தான். 1909 இல் ஷாம்பர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், திருவிதாங்கூரிலிருந்து இறக்குமதியான கயிற்றில் ஒட்டியிருந்த மணலைக் கண்டு, அது மோனசைட் என்று தெரிந்துகொண்டார். மணலைத் தேடி வந்து மணவாளக்குறிச்சியில் தொழில் தொடங்கினார். அன்று திருவிதாங்கூர், இன்று கன்னியாகுமரி மாவட்டம். மணல் கப்பலேறி ஐரோப்பாவுக்குப் போயிற்று. அங்கே விளக்குத் திரியாக மாறிற்று. விடுதலைக்குப் பின், 1950 இல், இந்திய அருமணல் நிறுவனம் அமைந்தது. மணலை அள்ளிக் கொடுத்த காலம் போய், அதை நாட்டின் சொத்தாக எண்ணும் காலம் வந்தது.

ஒரு கடிதமும் மூன்று படிகளும்

பாபநாசம் மின்சாரம் தந்த அதே 1944 ஆம் ஆண்டு, ஹோமி பாபா என்ற இளம் விஞ்ஞானி டாடா அறக்கட்டளைக்கு ஒரு கடிதம் எழுதினார். இன்னும் இருபது வருஷத்தில் அணுவிலிருந்து மின்சாரம் எடுக்கும் நாள் வரும். அன்றைக்கு இந்தியா நிபுணர்களுக்காக வெளிநாட்டைத் தேடக் கூடாது, இங்கேயே உருவாக்க வேண்டும் என்பது அதன் சாரம். ஹிரோஷிமாவில் குண்டு விழுந்ததற்கு முந்தின ஆண்டு அது என்பதை மறக்க வேண்டாம்.

1945 இல் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிலையம், 1948 இல் அணுசக்தி ஆணையம், 1956 ஆகஸ்ட் 4 அன்று டிராம்பேயில் அப்சரா உலை என்று வேலை வேகமாக நடந்தது. நம்மிடம் யுரேனியம் குறைவு, தோரியம் ஏராளம். ஆனால் தோரியத்தை நேரடியாக எரிக்க முடியாது. ஆகவே பாபா மூன்று படிகள் வகுத்தார். முதல் படியில் இயற்கை யுரேனியத்தை எரிப்பது. அதில் மிஞ்சும் புளூட்டோனியத்தை இரண்டாம் படியில் வேக ஈனுலையில் பயன்படுத்துவது. மூன்றாம் படியில் தோரியம். பாலில் தயிர், தயிரில் வெண்ணெய், வெண்ணெயில் நெய் எடுக்கிற மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். 1966 ஜனவரியில் ஆல்ப்ஸ் மலையில் நடந்த விமான விபத்தில் பாபா இறந்தார். அவர் போட்ட கணக்கு நின்றது.

கதவு சாத்தினார்கள், கல்பாக்கம் எழுந்தது

முதல் அணுமின் நிலையம் மும்பைக்கு வடக்கே தாராப்பூரில், 1969 இல் அமெரிக்க உலைகளோடு வந்தது. அடுத்து ராஜஸ்தானில் கனடா நாட்டு முறையில் இரண்டு உலைகள். 1974 மே 18 அன்று பொக்ரானில் இந்தியா அணுவெடிப்புச் சோதனை நடத்தியது. நமக்குக் குந்தாவைக் கட்டிக் கொடுத்த அதே கனடா கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டது. ராஜஸ்தான் இரண்டாவது உலை பாதியில் நின்று, 1981 இல்தான் ஓடத் தொடங்கியது.

அப்போது சென்னைக்குத் தெற்கே கல்பாக்கத்தில் வேலை நடந்துகொண்டிருந்தது. வரைபடம் கையில் இருக்கிறது. சாமான் தர ஆள் இல்லை. இந்த வகை உலைக்குக் கனநீர் வேண்டும். இயற்கை யுரேனியத்தில் எளிதில் பிளக்கிற பகுதி நூற்றுக்கு 0.7 மட்டுமே, நியூட்ரான்களின் வேகத்தைக் கனநீர் தணித்தால்தான் அந்தச் சொற்பமும் தொடர்ந்து பிளக்கும். அந்தக் கனநீரை நாமே செய்யப் பழகினோம். 1978 இல் நம் தூத்துக்குடியில் கனநீர் ஆலை தொடங்கியது. உலையின் பாகங்களை இந்தியத் தொழிற்சாலைகளே வார்த்துக் கொடுத்தன. 1983 ஜூலை 2 அன்று கல்பாக்கம் முதல் உலையில் தொடர்வினை தொடங்கியது. அதே மாதம் பிரதமர் இந்திரா காந்தி அதை நாட்டுக்கு அர்ப்பணித்தார். 1985 இல் இரண்டாவது உலையும் உயிர் பெற்றது.

அங்கேயே சோதனை ஈனுலை ஒன்றும் 1985 அக்டோபரில் இயங்கிற்று. அதற்கு வேண்டிய செறிவூட்டிய யுரேனியம் பிரான்சிலிருந்து வராமல் போகவே, நம்மவர்கள் புளூட்டோனியம் கலந்த கார்பைடு எரிபொருளைத் தாமே உருவாக்கினார்கள். வேகமாக நடந்ததா என்றால் இல்லை. 2004 இல் தொடங்கிய 500 மெகாவாட் ஈனுலையில், மையப் பகுதியை நிரப்பும் வேலை 2024 மார்ச்சில்தான் தொடங்கியது. தாமதம் உண்மை, கற்றுக்கொண்டதும் உண்மை.

கூடங்குளம்: ஆறாத பேச்சு

சங்கரன்கோவில், திருநெல்வேலி, வள்ளியூர் என்று தெற்கே போனால் கூடங்குளம். 1988 நவம்பர் 20 அன்று ராஜீவ் காந்தியும் சோவியத் தலைவர் கோர்பச்சேவும் ஒப்பந்தம் செய்தார்கள். செர்னோபில் விபத்து நடந்து இரண்டரை வருஷந்தான் ஆகியிருந்தது. பேச்சிப்பாறை அணைத் தண்ணீர் உலைக்குப் போய்விடும் என்று குமரி மாவட்டத்து விவசாயிகள் அஞ்சினார்கள். கடல் கெடும் என்று மீனவர்கள் அஞ்சினார்கள். 1989 மே 1 அன்று கன்னியாகுமரியில் நடந்த மீனவர் பேரணி போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் முடிந்தது. 1991 இல் சோவியத் நாடே கலைந்துபோக, திட்டம் தூங்கியது. 1998 இல் ரஷ்யாவோடு மறுபடி ஒப்பந்தம். 2002 இல் கான்கிரீட் போடத் தொடங்கினார்கள். பேச்சிப்பாறைக்குப் பதிலாகக் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலையையே அங்கே கட்டினார்கள். அன்று பயந்தவர்கள் கேட்ட கேள்வியில் நியாயம் இருந்தது என்பதற்கு அதுவே சாட்சி.

2004 டிசம்பர் 26 அன்று சுனாமி வந்தது. கல்பாக்கத்தில் தண்ணீர் பம்ப் அறைக்குள் புகுந்தும் ஓடிக்கொண்டிருந்த உலை பத்திரமாக நிறுத்தப்பட்டது. ஆனால் குடியிருப்பில் உயிர்கள் போயின. 2011 மார்ச் 11 அன்று ஜப்பானில் அதே மாதிரி அலை ஃபுகுஷிமா உலைகளை அழித்ததைத் தொலைக்காட்சியில் பார்த்தோம். நமக்கு அது செய்தி. சுனாமியைக் கண்ணால் கண்ட இடிந்தகரை மக்களுக்கு அது தங்கள் வாசல். அந்த ஆண்டே அங்கே தொடர் உண்ணாவிரதம் தொடங்கியது. 2011 செப்டம்பரில், மக்கள் அச்சம் தீரும்வரை வேலையை நிறுத்த வேண்டும் என்று தமிழக அமைச்சரவை தீர்மானம் போட்டது. 2012 மார்ச் 19 அன்று அதே அமைச்சரவை பணியைத் தொடங்கலாம் என்றது. அந்தப் பகுதிக்கு 500 கோடி ரூபாய்த் திட்டமும் அறிவித்தது. 2012 செப்டம்பர் 10 அன்று கடற்கரையில் தடியடி, கண்ணீர்ப்புகை. மணப்பாட்டில் துப்பாக்கிச் சூட்டில் ஒரு மீனவர் இறந்தார். ஆயிரக்கணக்கானோர் மேல் தேசத்துரோகப் பிரிவு உள்பட வழக்குகள் பாய்ந்தன. 2013 மே 6 அன்று உச்ச நீதிமன்றம் நிலையம் இயங்கலாம் என்று தீர்ப்பளித்து, 15 கட்டளைகளும் போட்டது. போராடியவர்கள் மேல் உள்ள வழக்குகளைத் திரும்பப் பெற முயல வேண்டும் என்பதும் அவற்றில் ஒன்று.

2013 ஜூலையில் முதல் உலையும் 2016 ஜூலையில் இரண்டாவது உலையும் இயங்கத் தொடங்கின; ஒவ்வொன்றும் 1000 மெகாவாட். அதில் பாதியை ஒட்டிய பங்கு தமிழ்நாட்டுக்கு. மீதி கர்நாடகம், கேரளம், புதுச்சேரி, மத்தியத் தொகுப்பு என்று பிரிகிறது.

இரண்டு கணக்கு

இப்போது நம்மூருக்கு வருவோம். அதே 2012 இல் நம் பக்கம் எப்படி இருந்தது? பகலில் பல மணி நேரம் கரண்ட் கிடையாது. மிஷின் ஓடினால்தான் கூலி, பீஸ் கணக்கு. "எப்பம்மா கரண்ட் வரும்?" என்பதுதான் தெருவில் கேட்ட ஒரே கேள்வி. ராஜபாளையத்து மில்களும் பேண்டேஜ் தறிகளும் ஜெனரேட்டருக்கு டீசல் ஊற்றிக் களைத்தன. "கூடங்குளத்தைத் திறந்தா எல்லாம் சரியாயிடும்" என்று டீக்கடையில் பேசியவர்கள் கெட்டவர்கள் அல்ல. வயிற்றுப்பாட்டுக்குப் பேசினார்கள். இடிந்தகரையில் பந்தலில் உட்கார்ந்திருந்த பெண்களும் கெட்டவர்கள் அல்ல. அவர்களும் வயிற்றுப்பாட்டுக்கும் பிள்ளைகளுக்குமே பேசினார்கள். இரண்டு பக்கமும் உழைத்துச் சாப்பிடுகிற பெண்கள். கம்பியின் இந்த முனையில் தையல்காரி, அந்த முனையில் மீன்காரி. இருவரையும் ஒரே இடத்தில் உட்காரவைத்துப் பேச யாரும் முன்வரவில்லை என்பதே இந்த வரலாற்றின் பெரிய குறை.

கல்பாக்கத்தில் கதவு சாத்தப்பட்டபோது, வருஷக்கணக்கில் பொறுத்துக் கனநீர் செய்யக் கற்றோம். கூடங்குளத்தில் உலை ரஷ்யாவிலிருந்து வந்தது. பக்கத்து ஊர் மக்களின் நம்பிக்கையை எந்த நாட்டிலிருந்தும் இறக்குமதி செய்ய முடியாது. அதை இங்கேயேதான் உண்டாக்க வேண்டும். அதற்குப் பொறுமை காட்டினோமா? தடியும் வழக்கும் உலையைத் திறந்துவிடலாம், நம்பிக்கையைத் திறக்காது. எரிந்து தீர்ந்த எரிபொருளை எங்கே வைப்பது என்ற கேள்வி எழும்போதெல்லாம் அந்தக் கடற்கரையில் பழைய பயம் திரும்பவும் எழுவது அதனால்தான்.

இதை இப்போது சொல்வதற்குக் காரணம் உண்டு. இன்று நாட்டு மின்சாரத்தில் அணுவின் பங்கு 3 சதவீதத்தை ஒட்டித்தான் இருக்கிறது. 2047 க்குள் ஒரு லட்சம் மெகாவாட் அணுமின்சாரம் என்று 2025 பட்ஜெட்டில் மத்திய அரசு இலக்கு வைத்திருக்கிறது. கூடங்குளத்திலேயே மேலும் நான்கு உலைகளுக்கான வேலை தொடங்கியது. இதே தென்சீமையில் கயத்தாறிலும் முப்பந்தலிலும் காற்றாலைகள் சுழல்கின்றன. கமுதியில் 2016 இல் 648 மெகாவாட் சூரிய மின் நிலையம் வந்தது. காற்று ஆடியில் அள்ளிக் கொடுக்கும், தையில் கையை விரிக்கும். சூரியன் மாலையில் மறையும். இராத்திரி ஷிப்டுக்கு எது ஓடும்? விடை ஒன்றாக இருக்காது. பலதையும் கூட்டித்தான் கணக்குப் போட வேண்டும். அந்தக் கணக்கைப் போடப்போகிறவர்கள் இன்று நம் கல்லூரி வகுப்புகளில் உட்கார்ந்திருக்கிறார்கள்.

ஆகவே தம்பி தங்கைகளுக்கு ஒரு வேண்டுகோள். இயற்பியல் படிப்பவர்கள் கல்பாக்கத்துக்குச் சுற்றுலா போங்கள், பார்த்துப் பெருமைப்படுங்கள். அதே பஸ்ஸை ஒருநாள் இடிந்தகரைக்கும் விடுங்கள்; அங்கே உள்ள அம்மாக்கள் சொல்வதைக் குறிப்பெடுங்கள். வரலாறும் பொருளாதாரமும் படிப்பவர்கள் 2012 மின்வெட்டில் நம்மூர்த் தையல் வீடுகள் இழந்த கூலியைக் கேட்டு எழுதி வையுங்கள். கேட்டால் சொல்லக்கூடியவர்கள் இன்னும் நம் தெருக்களில் இருக்கிறார்கள். பழைய மாணவர்களில் மின்வாரியத்திலும் அணுமின் நிலையங்களிலும் வேலை பார்த்தவர்கள் இருந்தால், அடுத்த மலருக்குத் தங்கள் அனுபவத்தை எழுதி அனுப்புங்கள். இரண்டு முனையின் கதையும் ஒரே புத்தகத்தில் இருக்கட்டும்.

வளர்க நாடு! வாழ்க நம் கல்லூரி!