காஞ்சியின் எல்லையில் நட்ட கல்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஒரகடத்தில் கான்ட்ராக்ட் வேலை பார்க்கும் தம்பி ஒருவர் நண்பர்களோடு காஞ்சிபுரம் போய்வந்தார். சுங்குவார்சத்திரத்தில் அறை எடுத்துத் தங்கி மூன்று வருடமாகிறது. முப்பது கிலோமீட்டருக்குள் இருக்கும் காஞ்சியை அன்றுதான் முதன்முறையாகப் பார்த்திருக்கிறார். திரும்பி வந்து கேட்டார்: "அண்ணா, கோயில்ல ஒருத்தர் ரெண்டு மணி நேரம் விளக்கம் சொன்னார். ராஜா வந்தார், சிற்பி வந்தார், ஆழ்வார் நாயன்மார் எல்லாரும் வந்தாங்க. நம்மாளு ஒருத்தர்கூட வரலியே. அப்ப நாம எங்க இருந்தோம்?"

டீக்கடை வாசலில் நின்று பதில் சொல்லி முடிக்கிற கேள்வியா இது? அதனால் எழுதுகிறேன்.

பாடப்புத்தகக் காஞ்சி நமக்குத் தெரியும். சமுத்திரகுப்தனின் அலகாபாத் தூண் கல்வெட்டிலேயே காஞ்சி மன்னன் விஷ்ணுகோபன் பெயர் இருக்கிறது. பிறகு மகேந்திரவர்மன், வாதாபியை வென்ற நரசிம்மவர்மன், கைலாசநாதர் கோயில் எடுத்த ராஜசிம்மன். அந்தக் கோயிலிலேயே சாளுக்கிய விக்கிரமாதித்தன் காஞ்சியைப் பிடித்த செய்தி கன்னடத்தில் வெட்டப்பட்டிருக்கிறது. இதையெல்லாம் அரசாங்கமே பலகை வைத்துச் சொல்லிவிடுகிறது. ஆனால் அரண்மனையும் கோயிலும் சோறு விளைவிப்பதில்லை. ஒரு தலைநகரம் சாப்பிட வேண்டுமானால் அதைச் சுற்றி ஏரி வேண்டும், ஏரிக்குக் கீழே நிலம் வேண்டும், நிலத்தில் இறங்க ஆள் வேண்டும். தென்னேரியும் காவேரிப்பாக்கமும் செம்பரம்பாக்கமும் இல்லாமல் காஞ்சி இல்லை. தம்பியின் கேள்விக்குப் பதில் அந்த ஏரிக்கரைகளில்தான் இருக்கிறது.

வாலாஜாபாத் பக்கம் ஊத்துக்காடு என்றொரு ஊர் உண்டு. பல்லவர் காலத்தில் அது ஊற்றுக்காட்டுக் கோட்டம். தொண்டை மண்டலத்தின் இருபத்து நான்கு கோட்டங்களில் ஒன்று. 8ஆம் நூற்றாண்டில் இரண்டாம் நந்திவர்மன் இந்தக் கோட்டத்தில் கொடுகொள்ளி என்ற ஊரைச் சோமயாஜி ஒருவருக்குத் தானமாகக் கொடுத்தான். ஊரின் பெயர் ஏகதீரமங்கலம் என்று மாறியது. காரைக்கால் அருகே காசாக்குடியில் கிடைத்த செப்பேடு இதைச் சொல்கிறது. இத்தகைய தானங்களில் எல்லையைக் காட்டக் கல்லும் கள்ளியும் நடுவது வழக்கம். தானம் பெற்றவர் எந்தெந்த வரி கட்டவேண்டாம் என்ற பட்டியலும் வரும்: தறிக்கு வரி, குயவர் மீது வரி, கள் இறக்குவோர் மீது வரி. நெசவாளரும் குயவரும் கள் இறக்கியவரும் அரசனின் ஆவணத்தில் வரி இனமாக மட்டும் தலைகாட்டுகிறார்கள். வயலில் இறங்கியவருக்கு அந்த இடமும் இல்லை.

பல்லவ, சோழ ஆவணங்களில் 'குடி நீக்கி' என்றொரு தொடரும் வரும். அதற்குப் பொருள் சொல்வதில் அறிஞர்கள் வேறுபடுகிறார்கள். யாரை நீக்கினார்கள், நிலத்திலிருந்தா, உரிமையிலிருந்தா என்று விவாதம் தொடரட்டும். நீக்கப்பட்டவரின் பேரன் பேத்திகளுக்கு அந்த வித்தியாசம் பெரிதாகத் தெரிந்திருக்காது.

நம்மவர் கல்வெட்டில் வெளிப்படையாக வருவது சோழர் காலத்தில். தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் வெட்டுவித்த கல்வெட்டுகள், வரி இல்லாத நிலங்களைக் கணக்கெடுக்கும்போது ஊர்நத்தம், கம்மாணச்சேரி, சுடுகாடு என்று சொல்லிக்கொண்டே வந்து பறைச்சேரியையும் தீண்டாச்சேரியையும் சொல்கின்றன. சேரிக்கு வரி இல்லை என்று யாரும் மகிழ வேண்டாம். சுடுகாட்டுக்கும் வரி இல்லை.

காஞ்சி மாவட்டத்துக்குள்ளேயே இருக்கும் உத்திரமேரூர் இன்று பெரும்புகழ் பெற்றிருக்கிறது. 2020 டிசம்பரில் புதிய நாடாளுமன்றக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டியபோது பிரதமரும் அதைக் குறிப்பிட்டார். முதலாம் பராந்தகன் காலத்து, 919, 921ஆம் ஆண்டுக் கல்வெட்டுகளில் குடவோலைத் தேர்தல் விதிகள் இருப்பது உண்மைதான். கணக்குக் காட்டாதவரும் அவருடைய உறவினரும் நிற்கக் கூடாது என்ற விதி இன்றைய நம் உள்ளாட்சிக்கும் தேவை. ஆனால் நிற்கும் தகுதி என்ன? வரி கட்டும் கால் வேலி நிலத்துக்கு மேல் வேண்டும். சொந்த மனையில் வீடு வேண்டும். வயது 35க்கு மேல் 70க்குள். வேதம் கற்றிருக்க வேண்டும். அது ஒரு சதுர்வேதிமங்கலத்தின் சபை. அந்த நிலத்தில் நாற்று நட்டவரின் பெயர் குடத்துக்குள் போக வழியே கிடையாது. 1948 நவம்பரில் அரசியல் நிர்ணய சபையில் கிராமத்தைக் கொண்டாடியவர்களை அண்ணல் அம்பேத்கர் ஏன் அவ்வளவு கடுமையாக மறுத்தார் என்பதற்கு, உத்திரமேரூர்க் கல்வெட்டை முழுதாகப் படித்தால் போதும்.

காஞ்சிக்கு இன்னொரு முகமும் இருந்தது. 7ஆம் நூற்றாண்டில் வந்த சீனப் பயணி சுவான்சாங், நூறுக்கு மேற்பட்ட பௌத்த விகாரங்களையும் பத்தாயிரம் துறவிகளையும் குறித்திருக்கிறார். தேவ ஆலயங்கள் எண்பது. நாளந்தாவில் தலைமை வகித்த தர்மபாலர் காஞ்சிக்காரர். மணிமேகலை தன் அமுதசுரபியோடு பசித்த காஞ்சிக்கு வந்து எல்லோருக்கும் சோறு போட்டாள் என்கிறது காப்பியம். காமாட்சியம்மன் கோயிலில் இருந்த புத்தர் சிலை இன்று எழும்பூர் அருங்காட்சியகத்தில் நிற்கிறது. சமணக் காஞ்சியான திருப்பருத்திக்குன்றத்துக்கு மிகச் சிலரே போகிறார்கள். 1907இல் 'தமிழன்' இதழைத் தொடங்கிய அயோத்திதாசப் பண்டிதர், பறையர் என்று இழிவுபடுத்தப்பட்டவர்கள் பூர்வ பௌத்தர்களே என்று எழுதியபோது இந்த அழிக்கப்பட்ட வரலாற்றைத்தான் தோண்டினார். அவர் சொன்ன ஒவ்வொன்றுக்கும் கல்வெட்டுச் சான்று கேட்டால் கிடைக்காது. கல்வெட்டு வெட்டுகிற உளி யார் கையில் இருந்தது என்ற கேள்வியை அவர்தான் நமக்குக் கற்றுக்கொடுத்தார்.

அதற்காகப் பௌத்தக் காஞ்சியைப் பொன்னுலகமாக்கவும் நான் தயாரில்லை. அதே சுவான்சாங், இந்திய நகரங்களைப் பற்றிப் பொதுவாக எழுதும்போது, இறைச்சி வெட்டுவோரும் மீன்பிடிப்போரும் துப்புரவு செய்வோரும் நகருக்கு வெளியே, அடையாளமிட்ட வீடுகளில் வாழ்ந்ததாகச் சொல்கிறார்.

அரசுகள் மாறின. சோழர், விஜயநகரம், நவாப். 1763இல் நவாப் இந்தப் பகுதியைக் கம்பெனிக்கு ஜாகீராக விட்டுக்கொடுத்தார். மாறாமல் நின்றது மிராசு. ஊர் நிலத்தின் மீது பரம்பரைப் பங்குரிமை மிராசுதாரருக்கு. படியாளுக்கு ஆண்டுக்கணக்கில் தீராத கடன். 1891இல் செங்கல்பட்டு கலெக்டராக இருந்த திரமென்ஹீர், இந்த மாவட்டத்துப் பறையர் நிலை பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை எழுதினார். குடிசை போட்ட மண்கூட மிராசுதாரருடையது என்பதால், கூலி உயர்த்திக் கேட்டாலே வீட்டைக் காலி செய்யச் சொல்ல முடிந்தது. புறம்போக்குக்குத் தர்காஸ்து போட்டால் மிராசுதாரருக்கே முன்னுரிமை. அறிக்கையைத் தொடர்ந்து 1892 செப்டம்பர் 30இல் அரசாணை வந்தது. ஒடுக்கப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கப்பட்டது. பத்து ஆண்டுகளுக்கு விற்கக் கூடாது, அதற்குப் பிறகும் ஒடுக்கப்பட்டோருக்கு மட்டுமே விற்கலாம் என்பது நிபந்தனை. இதுதான் பஞ்சமி நிலம். காஞ்சியை ஊட்டிய மண்ணில், ஆவணம் ஒன்று நம் பெயரை உரிமையாளராக எழுதியது அப்போதுதான்.

வேடிக்கை ஒன்று உண்டு. ஊர் எல்லையில் தகராறு வந்தால் பறையரை நடக்கவிட்டு, அவர் நடந்த தடத்தையே எல்லையாக ஏற்றார்கள் என்று ஆங்கிலேயர் கால இனவரைவியல் நூல்கள் பதிவு செய்கின்றன. கல்லும் கள்ளியும் எங்கே நட்டது என்று எல்லோரையும்விட நன்றாகத் தெரிந்தவருக்கு, அந்த எல்லைக்குள் ஒரு குழி நிலம் இல்லை.

பஞ்சமி நிலமும் கைமாறிப் போனது. அதை மீட்கப் போய்த்தான் 1994 அக்டோபர் 10இல் செங்கல்பட்டில் ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிக்குப் பலியானார்கள். அவர்கள் போராடிய காரணை நிலம் மாமல்லபுரம் பக்கம். பல்லவர் துறைமுகத்துக்கு அருகில்.

அதே பத்தாண்டில்தான் இருங்காட்டுக்கோட்டைக்குக் கார் கம்பெனி வந்தது. பிறகு ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், வல்லம் வடகால் என்று சிப்காட் விரிந்தது. இப்போது பரந்தூர் விமான நிலையத்துக்கு 5,000 ஏக்கருக்கு மேல் கேட்கிறார்கள். ஏகனாபுரம் மக்கள் 2022 முதல் மறுத்துப் போராடுகிறார்கள். நிலம் எடுக்கும்போது பட்டா இருப்பவருக்கு இழப்பீடு. பட்டா இல்லாமல் அந்த வயலில் மூன்று தலைமுறை கூலி வேலை செய்தவருக்கு? 2013ஆம் ஆண்டின் மத்தியச் சட்டம் விவசாயக் கூலிகளையும் பாதிக்கப்பட்ட குடும்பமாகக் கணக்கிடுகிறது. தமிழ்நாட்டில் தொழிற்சாலைகளுக்கு நிலம் எடுக்க 1997ஆம் ஆண்டின் தனிச் சட்டம் இருக்கிறது. எந்தச் சட்டத்தின் கீழ் எடுக்கிறார்கள் என்று முதல் நோட்டீஸிலேயே பார்த்துவிடுங்கள்.

தம்பியிடம் இவ்வளவையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, தன் தாத்தா பெயரில் ஒரு ஏக்கர் டி.சி. நிலம் இருந்ததாக வீட்டில் சொல்வார்கள், காகிதம் எதுவும் இல்லை என்றார். சர்வே நம்பர் மட்டும் அவருடைய பாட்டிக்கு நினைவிருக்கிறது. பழைய 'அ' பதிவேட்டின் நகல் கேட்டுத் திங்கட்கிழமை தாலுகா அலுவலகத்தில் மனு கொடுக்கிறோம். அவருக்கு அன்று இரண்டாவது ஷிப்ட். காலை பத்து மணிக்கே போய்விட வேண்டும்.