ஆதி குணசேகரனும் தோட்டத்து எமனும்

சின்னத்திரையின் குணச்சித்திர நடிகரையும், இலங்கையின் பதுளைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களில் மாசி மாதக் காமன் கூத்தில் எமன் வேடம் கட்டும் தொழிலாளியையும் அருகருகே நிறுத்தினால் முதலில் பொருத்தமில்லாததாகவே தோன்றும். ஒருவருக்கு நடிப்பு பிழைப்பு, மற்றவருக்கு நேர்த்திக்கடன். ஆனால் இருவரையும் பார்க்கும் கண்கள் ஒன்றுதான். பசறையிலோ ஹாலிஎலயிலோ லயத்து வீட்டுக் கூரையில் டிஷ் பூட்டி சன் டிவி பார்க்கும் குடும்பமே, மாசி பிறந்ததும் காமன் ஊன்றிய இடத்துக்குப் போகிறது. பகல் தொடர்கள் வேலையிலிருந்து ஓய்ந்த பாட்டிமாருக்கு உரியவை. மற்றவர்கள் அந்நேரம் மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருப்பார்கள். இரவுத் தொடர்தான் எல்லோருக்கும் பொது.

அந்த இரவுத் தொடர்களில் ஒன்றான ‘எதிர்நீச்ச’லின் ஜி. மாரிமுத்துவை எடுத்துக்கொள்வோம். தேனிப் பக்கத்திலிருந்து சென்னைக்கு வந்து, ராஜ்கிரணிடம் உதவி இயக்குநராகி, ‘கண்ணும் கண்ணும்’ (2008), ‘புலிவால்’ (2014) என இரு படங்களை இயக்கி, துணைப் பாத்திரங்களில் முகம் காட்டிவந்தவர். 2022 பிப்ரவரியில் தொடங்கிய இத்தொடரின் ஆதி குணசேகரன் பாத்திரம்தான் அவரை வீடுவீடாகக் கொண்டுபோனது. கூத்துக்காரரின் ஏற்றமும் மெதுவானதே. மீசை அரும்பாத வயதில் ரதி, பின்னர் மதன், உடம்பும் குரலும் தடித்தபின் எமனோ வீரபத்திரனோ. எல்லாத் தோட்டத்திலும் வரிசை இதுவே என்று சொல்லமாட்டேன். ஆனால் ஒரு தலைகீழ்மை கவனிக்கத்தக்கது: மாரிமுத்து நாயகனாக நடிக்காமலே புகழ்பெற்றார், தோட்டத்திலோ நாயகனாக ஆடி முடித்தவரே குணச்சித்திரத்துக்கு வந்து சேர்கிறார்.

உழைப்பை நாளால் அளப்பதில் இருவரும் உறவினர். அங்கே கால்ஷீட், இங்கே ஒரு நாள் வேலைக்கு விழும் ‘பேர்’. விடிய விடிய ஆடிய இரவுக்குப் பேர் கிடையாது. காலையில் வேலைக்கு ஆள் கூடும் பிரட்டுக்களத்துக்குப் போகாவிட்டால் அந்த நாளின் பேரும் போய்விடும். மாரிமுத்து குணசேகரனாக இருந்தது ஏறத்தாழ 19 மாதங்கள். இருபது ஆண்டு எமன் கட்டுபவருக்குக் காமன் எரியும் இரவுகள் மொத்தமே 20.

பார்வையாளரின் அறிவு இரண்டு இடத்திலும் எதிரெதிராக நிற்கிறது. திரையில் குணசேகரனை எல்லோருக்கும் தெரியும், மாரிமுத்துவைச் சிலருக்கே தெரியும். கூத்தில் அரிதாரத்துக்குள் இருப்பவர் எந்த லயம், எத்தனையாம் காம்பரா, யாரிடம் கடன் என்பதெல்லாம் கூட்டத்துக்கு மனப்பாடம். தப்பு அதிரும் அந்த ஒரு இரவில் அதையெல்லாம் ஒதுக்கிவைத்துவிட்டே அவரை எமனாகக் காண்கிறார்கள். நம்பவைக்கும் பாரம் திரையில் நடிகர் தலையில். கூத்தில் பாதியைப் பார்ப்பவர்களே சுமந்துகொள்கிறார்கள்.

இருவரின் உறவு இன்னும் நெருங்கித் தெரிவது சாவில். 2023 செப்டம்பர் 8 அன்று, தொடருக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருந்த வேளையில் மாரடைப்பு வந்து மாரிமுத்து இறந்தார். பாத்திரம் சாகவில்லை. எழுத்தாளர் வேல ராமமூர்த்தி அதை ஏற்றார். ‘கிடாரி’யில் மிரட்டிய நடிகர், குறைந்தவர் அல்லர். ஆனாலும் ஒப்பீடு அவரை விடவில்லை. தோட்டத்திலும் மூத்த எமன் மறைந்தால் மறு மாசியில் இன்னொருவர் கட்டுகிறார். “அப்பன் ஆடின மாதிரி இல்ல” என்ற முணுமுணுப்பு அங்கும் எழும். எனினும் அது சீக்கிரம் அடங்கிவிடுகிறது.

ஏன்? என் கணிப்பில், வேறுபாடு குரலில் இருக்கிறது. பல தொடர்களில் ஒருவர் நடிக்க, இன்னொருவர் டப்பிங் பேசுகிறார். அங்கே முகம் மாறினாலும் குரல் தொடர்கிறது. மாரிமுத்துவின் அதட்டல் அவருடைய தொண்டைக்கே உரியது, இரவல் தர முடியாதது. காமன் கூத்தில் பாட்டைத் தாங்குவது கூத்தைப் பழக்கும் மாஸ்டரும் பின்பாட்டுக்காரரும். ஆடுபவர் மாறினாலும் பாட்டு மாறாது. வேடத்தின் பெரும்பகுதி ஆளுக்கு வெளியே பத்திரமாக இருக்கிறது. கொழும்புக் கடையில் வேலை செய்யும் பையனுக்கு லீவு கிடைக்காவிட்டால், பாட்டைக் கேட்டே வளர்ந்த இன்னொருவன் அன்றிரவே ரதி கட்டிவிட முடிகிறது. மாஸ்டருக்கு மாற்று கிடைக்காத தோட்டம்தான் உண்மையில் சிக்கலில் விழுகிறது.

தொலைக்காட்சியும் கடைசியில் இந்த முறைக்குச் சற்று நெருங்கியது. 2024 ஜூனில் முடிந்த தொடர், அதே ஆண்டு டிசம்பரில் ‘எதிர்நீச்சல் தொடர்கிறது’ என்று திரும்பியபோது, குணசேகரனாக வந்தவர் வேல ராமமூர்த்தியே. இம்முறை அவர் பதிலாள் அல்லர். முதல் எபிசோடிலிருந்தே அந்த வேடம் அவருடையது.