நாலு பேர் ஏறிய பென்ஸ்

தமிழ்நாட்டில் பென்ஸ் கார் என்றதும் முதலாளியும் சினிமா நட்சத்திரமும்தான் நினைவுக்கு வருவார்கள். மெர்சிடிஸ் நிறுவனம் 1995-இல் புனேயில் கார் தயாரிக்கத் தொடங்கும்வரை இந்தியச் சாலைகளில் அது அபூர்வப் பொருள். சாமானியர் பார்த்துப் பழகியது டாடா பென்ஸ் லாரியைத்தான். 1954 முதல் 1969 வரை நீடித்த டாடாவின் டெல்கோ – டைம்லர் பென்ஸ் கூட்டின் விளைவு அது. மலேசியத் தமிழருக்கு இந்தக் கதை வேறு விதமாக நடந்தது. ஜொகூர் மாநிலத்தின் நடுவில் ரப்பரும் செம்பனையும் சூழக் கிடக்கும் குளுவாங் போன்ற பட்டணத்தில், பால் மரம் வெட்டியவரும் காசு கொடுத்து பென்ஸில் ஏறினார். முன்பின் அறியாத மூன்று பேரோடு கூலியைப் பங்கிட்டு ஏறினார். வெளியூர் டாக்சி என்று பெயர் பெற்ற அந்த டீசல் பென்ஸின் வரலாற்றை ஒதுக்கிவிட்டு, இன்று அந்தப் பட்டணத்தில் பழைய ஜெர்மன் காரை வைத்துப் பராமரிக்கிறவரைப் புரிந்துகொள்ள முடியாது. அந்தக் கார்கள் நாற்பது ஐம்பது ஆண்டுகள் தாக்குப்பிடித்ததற்குப் பெருமையெல்லாம் ஜெர்மனிக்கே என்று நாம் எழுதிவைத்திருக்கும் கணக்கில் பாதி தவறு என்பது என் வாதம். மறுபாதிப் பெருமை சிறுபட்டணத்து வொர்க்‌ஷாப்புகளுக்கு உரியது. அது இதுவரை யார் பெயரிலும் வரவு வைக்கப்படவில்லை.

முதலில் அந்தக் கார் இங்கே வந்த வழி. 1899-இல் கோலாலம்பூரில் சுவா சகோதரர்கள் தொடங்கிய சைக்கிள் அண்ட் கேரியேஜ் என்ற கடை, சில்லறைச் சாமான்களில் ஆரம்பித்து சைக்கிள், மோட்டார் என்று வளர்ந்தது. 1951-இல் மெர்சிடிஸ் பென்ஸ் விற்கும் உரிமை அதன் கைக்கு வந்தது. டீசலில் ஓடும் பயணிகள் காரை மெர்சிடிஸ் நிறுவனம் 1936-லேயே 260டி என்ற பெயரில் பெர்லின் கண்காட்சியில் காட்டியிருந்தது. போருக்குப் பின் 1954-இல் 180டி, 1961-இல் வால் துடுப்பு வைத்த 190டி, 1968-இல் 200டி, 220டி அடங்கிய புதிய வரிசை, 1976-இல் டபிள்யூ123 என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. இவற்றில் எதுவும் வேகத்துக்குப் பேர் போனதல்ல. 1968 வரிசை 200டி-யின் சக்தி 55 குதிரைத்திறன். 1976-இன் டபிள்யூ123 வரிசை 240டி-க்கு 65. முன்னால் போகும் கட்டை லாரியை முந்துவதற்கு ஓட்டுநர் வெகுதூரம் முன்யோசனை செய்ய வேண்டியிருந்த கார் அது.

இப்படிப்பட்ட மந்தமான கார் ஜொகூர் சாலைகளில் ஏன் தேவைப்பட்டது என்பதற்கு குளுவாங்கின் அமைப்பே விடை சொல்லும். தீபகற்பத்தின் கீழ்ப்பகுதி ரயில்பாதை 1909-இல் ஜொகூர் பாருவை எட்டியபோது, குளுவாங் அந்தப் பாதையின் மேல் அமைந்தது. வடக்கும் தெற்கும் போக ரயில் உண்டு. கிழக்கும் மேற்கும் போக வழியென்றால் சடக்குதான்: மேற்கே ஆயர் ஹீத்தாம் வழியாக பத்து பகாட், கிழக்கே காஹாங், ஜெமாலுவாங் வழியாக மெர்சிங். ரயில் தன் நேரத்துக்குத்தான் வரும். ஜொகூர் பாருவிலுள்ள அரசாங்க அலுவலகத்துக்கோ, அங்குள்ள மருத்துவமனையில் படுத்திருக்கும் உறவினரைப் பார்க்கவோ அவசரமாகப் போக வேண்டியவர், நூறு கிலோமீட்டருக்கு மேற்பட்ட அந்தத் தூரத்துக்கு டாக்சி நிலையத்தை நாடினார். நாலு பேர் சேர்ந்ததும் வண்டி கிளம்பும். பின்னிருக்கையில் மூவரும் முன்னால் ஒருவரும் உட்கார்ந்து, பின்பெட்டியில் மூட்டைகளையும் ஏற்றிக்கொண்டு, நாள் முழுதும் அலுக்காமல் போய்வரும் வண்டி வேண்டியிருந்தது. எண்ணெய்ச் செலவு குறைவாக இருக்க வேண்டும், நடுக்காட்டில் நின்றுவிடக் கூடாது. இந்தக் கணக்குக்கு டீசல் பென்ஸ் பொருந்தியது. அந்தஸ்துக்காக வாங்கப்பட்ட வண்டியல்ல அது. டாக்சிக்காரர் அதன் விலையைக் கிலோமீட்டரால் வகுத்துப் பார்த்து வாங்கினார்.

‘எல்லாம் ஜெர்மன்காரன் கைத்திறன், அதனால்தான் ஓடியது’ என்று சொல்பவர்கள் உண்டு. அவர்கள் காட்டும் சான்று வலுவானதுதான். டபிள்யூ123 வரிசையில் மட்டும் பத்தாண்டுக்குள் சுமார் 27 லட்சம் கார்கள் விற்றன. கிரேக்க நாட்டு டாக்சி ஓட்டுநர் கிரிகோரியோஸ் சாக்கினிடிஸ் தம் 1976-ஆம் ஆண்டு 240டி-யை 46 லட்சம் கிலோமீட்டர் ஓட்டினார். 2004-இல் அது நிறுவனத்தின் அருங்காட்சியகத்துக்குப் போனது. ஆனால் அதே சான்றை முழுதாகப் படித்தால் வேறொன்று தெரியும். அந்தக் காரின் இயந்திரம் வழியில் பல தடவை கழற்றி மாற்றப்பட்டது. ஒன்றைப் பிரித்துச் சீர்செய்யும் நேரத்தில் இன்னொன்று காரை இழுத்தது. 46 லட்சம் என்ற எண்ணில் தொழிற்சாலையின் பங்கோடு பழுதுபார்த்தவரின் பங்கும் கலந்திருக்கிறது.

யாழ்ப்பாணத்தைப் பாருங்கள். அங்கே இருந்தவை ஜெர்மன் கார்கள் அல்ல. ஆஸ்டின் ஏ40, மோரிஸ் மைனர், ஆஸ்டின் கேம்பிரிட்ஜ் போன்ற பிரிட்டிஷ் கார்கள். நீடித்து உழைப்பதற்கு ஜெர்மன் கார் அளவுக்கு அவை பேர் பெற்றவையல்ல. உள்நாட்டுப் போரின்போது விதிக்கப்பட்ட 1990-களின் பொருளாதாரத் தடையில் பெட்ரோல் கிடைக்காதபோது, சில துளி பெட்ரோலைக் கொடுத்து இயந்திரத்தைக் கிளப்பி, பிறகு மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள். போர் நடந்த காலம் முழுவதும் அந்தக் கார்கள் ஓடின. உற்பத்தியின் தரமே ஆயுளை முடிவு செய்யுமென்றால் இது நடந்திருக்கக் கூடாது. தேவை விடாமல் இருந்ததும், தெருவுக்கொரு பழுதுபார்க்கும் கைகாரர் இருந்ததும்தான் அந்தக் கார்களை ஓடவைத்தன. தரமான வண்டி கைகாரரின் வேலையைச் சுலபமாக்கும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். அவர் இல்லாமலே ஓடும் என்பதை ஒப்புக்கொள்ள முடியாது.

அந்த வேலை எப்படிப்பட்டது என்பதற்கு 240டி-யின் வால்வு இடைவெளியைச் சரிசெய்வதையே எடுத்துக்கொள்ளலாம். இயந்திரம் நன்றாக ஆறியிருக்க வேண்டும். மேல்மூடியைக் கழற்றினால் எட்டு வால்வுகள் வரிசையாகத் தெரியும். கேம் தண்டின் மேடு வால்வை அழுத்தாத நிலைக்கு வரும்வரை இயந்திரத்தைச் சுழற்றி நிறுத்தி, வளைந்த 14 மில்லிமீட்டர் ஸ்பேனர்களை ஒன்றுக்கொன்று எதிராகப் பிடித்து, நட்டைத் தளர்த்தி, ஃபீலர் தகட்டை நுழைத்துப் பார்க்க வேண்டும். காற்று நுழையும் வால்வுக்கு 0.10 மில்லிமீட்டர், புகை வெளியேறும் வால்வுக்கு 0.30. தகடு மிகத் தளர்ந்தும் போகக் கூடாது, சிக்கவும் கூடாது. லேசான இழுப்பு விரலுக்குத் தெரிய வேண்டும். இதைத் தள்ளிப்போட்டால் வால்வு சரியாக மூடாமல் அழுத்தம் குறையும், காலையில் வண்டி கிளம்ப அடம்பிடிக்கும். கணினி எதுவும் இதற்குத் தேவையில்லை. ஓடத் தொடங்கியபின் அந்த இயந்திரத்துக்கு மின்சாரமே அநேகமாகத் தேவையில்லை. போஷ் பம்பு வரிசையாக டீசலை அனுப்பிக்கொண்டிருக்கும். சாவியைத் திருப்பினால் அதை நிறுத்துவதுகூட வெற்றிடக் குழாய்தான். அந்தக் குழாயில் ஓட்டை விழுந்துவிட்டால் சாவியை எடுத்த பிறகும் கார் ஓடிக்கொண்டே இருக்கும். இவ்வளவையும் புத்தகம் இல்லாமல் கேட்டும் தொட்டும் கற்றுக்கொள்ளலாம் என்பதே இந்தக் கார் சிறுபட்டணங்களில் வேரூன்றியதற்கு முக்கியக் காரணம்.

கற்றுக்கொள்ளும் இடமும் பக்கத்திலேயே இருந்தது. தோட்டம் என்றால் மரமும் வாளியும் மட்டுமல்ல. ரப்பர் ஆலைக்கு இயந்திரம் வேண்டும், லயங்களுக்கு மின்விளக்கு வேண்டும், குலை ஏற்றும் லாரியும் டிராக்டரும் வேண்டும். இவையெல்லாம் டீசலைத் தின்றே உழைத்தன. 1950-களின் பிற்பகுதியிலிருந்து பிரிட்டிஷ் கம்பெனிகள் தோட்டங்களை விற்க, வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு துண்டாக்கினார்கள். வேலையும் வீடும் ஒரே நாளில் போன தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். 1960-இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியதே அதைத் தடுத்து நிறுத்தத்தான். தோட்டத்தை விட்டுப் பட்டணம் வந்தவர்களுக்கு நிலமில்லை, படிப்புச் சான்றிதழும் இல்லை. லாரி ஓட்டவும் இயந்திரம் பிரிக்கவும் தெரிந்த கை மட்டும் இருந்தது. சீன முதலாளியின் வொர்க்‌ஷாப், தமிழ் மெக்கானிக், மலாய் டாக்சிக்காரர் என்று மூன்று இனமும் ஒரே பானட்டுக்குள் தலைநீட்டிப் பேசிய தொழில் இது. பழைய வண்டிகளை வெட்டிப் பாகம் பாகமாக விற்கும் பொத்தோங் கடைகளும் இதோடு சேர்ந்து வளர்ந்தன. தொழிற்சங்கங்களுக்கும் கோவில்களுக்கும் தமிழ்ப்பள்ளிகளுக்கும் வரலாறு எழுதிய நாம், இந்தத் தொழிலுக்கு எழுதவில்லை. இது எனக்குப் பெரிய குறையாகவே படுகிறது.

டாக்சிக் காலம் மெல்ல முடிந்தது. 1985-இல் புரோட்டோன் சாகா வந்தது. சொந்தக் கார் தோட்டத்து வீட்டு வாசலுக்கும் எட்டியது. 1994-இல் வடக்கு தெற்கு நெடுஞ்சாலை முழுமையாகத் திறந்தபின், ஆயர் ஹீத்தாமில் ஏறினால் ஜொகூர் பாரு பக்கம் என்றாகிவிட்டது. நாலு பேர் சேரும்வரை காத்திருக்க யாருக்கும் பொறுமை இல்லை. டாக்சியாக உழைத்த பென்ஸ்கள் பொத்தோங் கடைக்குப் போயின. தனியார் கையிலிருந்த பெட்ரோல் பென்ஸ்கள் விலை சரிந்து, ஒருகாலத்தில் கூலி கொடுத்து ஏறியவர்களின் பிள்ளைகள் வாங்கும் நிலைக்கு வந்தன. குளுவாங்கில் பழைய பென்ஸ் வைத்திருப்பவரை ஆடம்பரக்காரர் என்று சொல்வோர் இந்தத் திருப்பத்தைக் கவனிப்பதில்லை.

வாங்குவது மலிவு, வைத்திருப்பது செலவு. சாலை வரி கொள்ளளவைப் பொறுத்தது. 1,997 சிசி கொண்ட 200-க்கு ஆண்டுக்கு ஏறக்குறைய 380 ரிங்கிட் என்றால், 2,299 சிசி 230இ-க்கு 680 ஆகும், 2,746 சிசி 280இ-க்கு 1,500-ஐத் தொடும். இதைவிடப் பெரிய பகை இங்குள்ள ஈரமும் வெயிலும். ஜாக்கி வைக்கும் இடத்திலும் ஸ்டெப்னி கிடக்கும் குழியிலும் தண்ணீர் தேங்கித் துரு பிடிக்கிறது. இரும்புக்கு முன்பே தளர்வது ரப்பர்: கண்ணாடி ஓரப் பட்டை, சஸ்பென்ஷன் புஷ், இயந்திரத்தைத் தாங்கும் மவுண்ட். தொடர் அதிர்வைத் தாங்குவதில் மரத்துப் பால் ரப்பருக்கு ஈடானவை குறைவு என்பதால், மவுண்டுகளில் இன்றும் அதுவே பெரும்பாலும் பயன்படுகிறது. ஜொகூர் மண்ணிலும் விளையும் பொருள் ஜெர்மன் காரின் அடியில் உட்கார்ந்து உழைப்பதை இங்குள்ள பிள்ளைகளுக்கு யாராவது காட்டித்தந்தால் நல்லது. அடுத்து வந்த டபிள்யூ124-இல் சிக்கல் வேறு. 1990-களின் முற்பாதியில் வந்த பல இயந்திரங்களில் மின்கம்பிகளின் மேலுறை சூட்டில் பொடிந்து உதிர்ந்தது. தரம் என்பது எல்லா ஆண்டுக்கும் ஒன்றல்ல என்பதற்கு அதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

இந்தக் கார்களை ஓட்டவே விடக் கூடாது என்போரின் வாதம்தான் எல்லாவற்றிலும் கனமானது; அதை நான் தட்டிக்கழிக்கவில்லை. டீசல் புகை புற்றுநோய் உண்டாக்கும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2012-இல் உறுதியாக வகைப்படுத்தியது. பழைய காரில் இன்றைய பாதுகாப்புச் சாதனங்களும் இல்லை. 2009-இல் மலேசிய அரசாங்கம், 15 ஆண்டுகளைத் தாண்டிய கார்கள் சாலை வரி புதுப்பிக்க ஆண்டுதோறும் பரிசோதனைக்கு வர வேண்டும் என்று அறிவித்து, மக்கள் எதிர்ப்பு கிளம்பியதும் கைவிட்டது. அந்த எதிர்ப்பு நியாயமானது. பழைய காரை நம்பிப் பிழைப்பு நடத்துகிறவர்தான் முதலில் அடிபட்டிருப்பார். ஆனால் பரிசோதனை என்ற எண்ணத்தையே வெறுப்பது தவறு. 1996-ஆம் ஆண்டு விதிகள் டீசல் புகைக்கு 50 ஹார்ட்ரிட்ஜ் அலகு என்று எல்லை வகுத்திருக்கின்றன. பம்பும் இன்ஜெக்டரும் சரியாக இருக்கிற 240டி கருப்புப் புகை கக்காது. கக்கினால் தவறு பராமரிப்பில்தான் இருக்கிறது. வயதைப் பார்க்காமல் புகையை அளக்கும் சோதனையை, பழைய டீசல் கார் வைத்திருப்பவர்களே முன்வந்து கேட்க வேண்டும். 2024 ஜூன் 10-இல் தீபகற்பத்தில் டீசல் விலை லிட்டருக்கு 2.15 ரிங்கிட்டிலிருந்து 3.35-ஆக ஏறியபின், அன்றாட ஓட்டத்துக்கு இந்தக் கார் என்ற பேச்சு எப்படியும் குறைந்துவிட்டது. வாரம் ஒருமுறை எடுக்கும் காரின் புகையையும், நாள் முழுதும் ஓடும் லாரிகளின் புகையையும் ஒரே தட்டில் வைப்பதும் நியாயமல்ல.

கார்களைக் காப்பாற்ற ஆட்கள் இருக்கிறார்கள். ஜெர்மனியில் 1993 முதல் ஃபெல்பாக்கில் இதற்கென்றே ஒரு கிளாசிக் சென்டர் நடக்கிறது; பாகங்கள் விலை கொடுத்தால் வரும். குளுவாங்கில் நழுவிக்கொண்டிருப்பது மெக்கானிக்குகளின் அறிவு. ஃபீலர் தகட்டின் இழுப்பை விரலால் சொல்லக்கூடியவர்களுக்கு வயதாகிவிட்டது. ஸ்கேனர் இணைத்துப் பழகிய இளைஞருக்கு அதைக் கற்றுத்தர யாரும் ஏற்பாடு செய்யவில்லை. குளுவாங்கிலும் சுற்றியுள்ள தோட்டங்களிலும் பிறந்து இதைப் படிக்கிறவர்களுக்கு என் வேண்டுகோள் இது. உங்கள் அப்பாவோ தாத்தாவோ டாக்சி ஓட்டியிருந்தால், வொர்க்‌ஷாப்பில் நின்றிருந்தால், அந்தப் பழைய கெரான் என்ற வாகனப் பதிவு அட்டையையும் பெர்மிட்டையும் கணக்குப் புத்தகத்தையும் எறிந்துவிடாதீர்கள். அவர்கள் உயிரோடு இருந்தால் இந்த மாதமே உட்கார்ந்து பேசி, சொல்வதை ஒலிப்பதிவு செய்து வையுங்கள்.