மரப்பெரணியும் ஈடுசெய் காடும்: நிக்கோபார்ச் சயாத்தியாவை முன்வைத்து

பெரிய நிக்கோபார் உயிர்க்கோளக் காப்பகத்தைப் பற்றிய குறிப்புகளில் தவறாமல் இடம்பெறும் சயாத்தியா ஆல்போசெட்டேசியா, அத்தீவுக் கூட்டத்துக்கே உரிய அரிய மரப்பெரணியாகும். பூவும் விதையும் இன்றி ஸ்போர் எனப்படும் நுண்தூளால் பெருகும் பெரணிகளுள், நிமிர்ந்த தண்டும் அதன் உச்சியில் இலைக்கொத்தும் கொண்டவை மரப்பெரணிகள் எனப்படுகின்றன. இவ்வினத்தை முதலில் விவரித்த ரிச்சர்டு ஹென்றி பெட்டோம், 1882 வரை சென்னை மாகாணத்தின் தலைமை வனக் காப்பாளராக இருந்தவர்.

பெரணியின் ஸ்போர் நேரே பெரணியாக முளைப்பதில்லை. ஈர மண்ணில் விழுந்த ஸ்போர், விரல் நகத்தினும் சிறிய, இதய வடிவிலான பச்சைத் தகடாக வளர்கிறது. முன்னுடலம் எனப்படும் இத்தகட்டுக்கு உண்மையான வேரோ நீர் கடத்தும் குழாய்களோ இல்லை. அதன்மேல் படர்ந்துள்ள நீர்ப்படலத்தில் ஆண் செல்கள் நீந்திச் சென்று முட்டைச் செல்லைச் சேர்ந்தால்தான் புதிய பெரணி உருவாகிறது. ஆகவே முன்னுடலம் தங்குவதற்கு உரிய நிழலும் ஈரமும் இழந்த இடத்தில் உயர்ந்து நிற்கும் மரப்பெரணிகள் எத்தனை இருந்தாலும், அவை வாரிசற்ற முதியோரே.

2022 நவம்பரில் சுற்றுச்சூழல் அனுமதி பெற்ற பெரிய நிக்கோபார் வளர்ச்சித் திட்டத்திற்காக ஏறத்தாழ 130 சதுர கிலோமீட்டர் காடு ஒதுக்கப்பட, அதற்கு ஈடான காடு வளர்ப்புக்கு அரியானா குறிக்கப்பட்டது. வெட்டிய பரப்புக்கு வேறு பரப்பு என்னும் இக்கணக்கு சேலையூர் போன்ற நிலங்களில் ஓரளவு பொருந்தக்கூடும். சேலையூர்க் காட்டு நிலத்தில் 1937 முதல் இயங்கும் சென்னை கிறித்துவக் கல்லூரி வளாகத்தின் புதர்க்காட்டில் உள்ளவை போன்ற வறண்ட நிலச் செடிகளில் பல, வெட்டிய கட்டையிலிருந்து துளிர்க்கும்; பல பறவையின் எச்சத்தில் முளைக்கும். தமிழகத்தின் வறண்ட பாறை இடுக்குகளில் வாழும் மயில்சிகைப் பெரணிகூடக் கோடையில் சுருண்டு கிடந்து மழையில் விரியும். மழைக்காட்டு மரப்பெரணிக்கு இத்தகைய பொறுமை இல்லை.

ஆய்வகத்தில் காப்பாற்றலாமே என்பது எதிர்வாதம். அதற்குச் சான்றும் உண்டு. அட்லாண்டிக்கின் அசென்சன் தீவுக்கே உரிய அனோகிராமா அசென்சியோனிஸ், 2003இல் அழிந்ததாக அறிவிக்கப்பட்டுச் சில ஆண்டுகளுக்குப் பின் அத்தீவின் பச்சைமலைச் சரிவில் நான்கே செடிகளாகக் கண்டெடுக்கப்பட்டது. அதன் ஸ்போர்கள் இலண்டன் கியூ தாவரவியல் பூங்காவில் வளர்த்தெடுக்கப்பட்டன. ஆனால் அது கையளவு உயரமே உள்ள சிறுசெடி. தண்டு எழவே பல ஆண்டுகள் பிடிக்கும் மரப்பெரணிக்குக் கண்ணாடிக் குடுவை தொடக்கம் மட்டுமே. பிறகு அதை நட மழைக்காடு வேண்டும்.

சயாத்தியா இனங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் ஒப்பந்தம், ஒரு தண்டு கப்பலேறுவதைக் கேள்வி கேட்குமேயன்றி, அது நின்ற காடு வெட்டப்படுவதைக் கேட்பதில்லை. எனவே தீவுக் காடுகளின் தாக்க மதிப்பீட்டில் மரங்களின் சுற்றளவோடு, ஓடைக்கரையின் ஈர மண்ணில் முன்னுடலங்களும் இளம்பெரணிகளும் உள்ளனவா என்பதும் பருவந்தோறும் பதியப்பட வேண்டும். அவை காணப்படும் கரைகள், மேலே நிழல் தரும் மரங்களோடு சேர்த்தே வெட்டும் பரப்பிலிருந்து விலக்கப்பட வேண்டும்.