மழையோடு பிறந்த ஆண்டு

1761 சனவரி 14 அன்று மூன்றாம் பானிப்பட் போரில் மராட்டியப் படை அழிந்தது. அந்த அடியிலிருந்து மீளாத பேஷ்வா நானாசாகேப், அதே ஆண்டு சூன் 23 அன்று புனேயின் பார்வதி குன்றில் உயிர்நீத்தார். இடைவெளி ஐந்து மாதமும் சில நாள்களும்தாம். ஆயினும் பேஷ்வாவின் எழுத்தர்கள் பின்பற்றிய கணக்கில் போர் நடந்தது 1161ஆம் ஆண்டில். பேஷ்வா மறைந்தது 1162இல். நடுவே மழைக்காலம் பிறந்திருந்தது. அதனோடு ஆண்டும் மாறியிருந்தது.

அந்தக் கணக்கின் பெயர் ஷுஹூர் சன். அரபி சன் என்றும், மிருக சால் என்றும் வழங்கும். கதிரவன் மிருகசீரிடத்தில் நுழையும் நாளே அதன் ஆண்டுப் பிறப்பு. இக்காலத்தில் அது சூன் 7 அல்லது 8. தென்மேற்குப் பருவமழையைத் தக்காணம் எதிர்நோக்கியிருக்கும் வேளை அது. உழவர் விதைப்புக்கு ஆயத்தமாவர். ஆறுகள் பெருகிப் படை நகர வழியிராது; மறுபடி புறப்பாடு தசராவுக்குப் பின்னரே. வரவும் செலவும் ஓய்ந்து நிற்கும் அந்த நாளில் கணக்கை முடித்துப் புதுக்கணக்குத் தொடங்குவதே இயல்பு.

இப்படியொரு கணக்கு வேண்டியிருந்ததன் காரணம் எளிது. ஹிஜ்ரி ஆண்டு நிலவைப் பின்பற்றுவது. கதிரவ ஆண்டைவிட ஏறத்தாழ 11 நாள் குறைந்தது. உழவனின் நிலத்தில் 32 பருவங்கள் விளைந்து முடியும்போது, ஹிஜ்ரியில் ஏறக்குறைய 33 ஆண்டுகள் ஓடியிருக்கும். ஆண்டுதோறும் வரி என்று அந்தக் கணக்கின்படி தண்டினால், அந்த 33ஆவது வரி விளையாத பயிருக்கான வரி. ஷுஹூர் சன், ஹிஜ்ரியின் எண்ணை எடுத்துக்கொண்டு அதைக் கதிரவனின் நடையில் நடக்கவிட்டது. பின்னோக்கிக் கணக்கிட்டால் இரண்டும் ஒன்றாய் நிற்பது 1344இல், ஹிஜ்ரி 745இல். முகம்மது பின் துக்ளக் ஆண்ட காலம் அது. நாணய மாற்றத்துக்கும் தலைநகர் மாற்றத்துக்கும் நகைக்கப்படும் அரசனின் காலத்தில் வேர்கொண்ட இந்தக் கணக்கு, நானூறு ஆண்டு கடந்தும் புனேயில் உயிரோடிருந்தது என்பது கவனிக்கத்தக்கது.

மொழி நோக்கில் இதன் சுவை தனி. மராத்தி ஆவணங்கள் இந்த ஆண்டை இலக்கத்தோடு நில்லாமல் அரபுச் சொற்களாலும் எழுதின. பானிப்பட் ஆண்டு, ‘இஹிதே சித்தைன் மய்யா வ அலஃப்’: ஒன்று, அறுபது, நூறு, ஆயிரம். தமிழில் ஆயிரத்திலிருந்து ஒன்றுக்கு இறங்குகிறோம். இதில் ஒன்றிலிருந்து ஆயிரத்துக்கு ஏற வேண்டும். அரபியின் நாநுனி ஒலி மராத்தியில் சகரமாயிற்று. மூன்று ‘சலாஸ்’ ஆனது. மாதங்கள் எனப் பொருள்படும் ‘ஷுஹூர்’ என்ற பெயரே ‘சுர்சன்’ எனத் தேய்ந்தது. அரபு அறியாத எழுத்தர்களும் இச்சொற்களைத் தலைமுறை தலைமுறையாகப் பிழையின்றி ஆண்டனர்.

இதன் உறவுமுறை தமிழ்நாட்டில் இன்றும் உண்டு. அடங்கலிலும் சமாபந்தியிலும் காணும் பசலி அதுவே. பசலி என்றால் விளைச்சலுக்குரியது. தக்காணப் பசலி ஷாஜகான் காலத்தில் 1636இல் தொடங்கியது. ஆகவே கிறித்தவ ஆண்டோடு வேறுபாடு 590. பம்பாய் மாகாணத்தின் சில பகுதிகளில் பசலியும் மிருகத்திலேயே பிறந்தது. சென்னை மாகாணத்தில் அது ஆடி முதல் நாளில் பிறந்து, 1855 முதல் சூலை 1க்கு நிலைநிறுத்தப்பட்டது. தமிழகத்துக்கு மிகுமழை ஐப்பசியில்தானே, ஆடி எதற்கு எனத் தோன்றலாம். காவிரியில் ஆடிப்பெருக்கைக் கொண்டுவருவது குடகில் பெய்யும் அதே தென்மேற்கு மழை என்பதை நினைத்தால் வியப்பு குறையும்.

சென்னை ஆட்சிப்பணியிலிருந்த இராபர்ட் சூவெலும் மராத்திய வானியல் அறிஞர் சங்கர் பாலகிருஷ்ண தீட்சிதரும் சேர்ந்து 1896இல் வெளியிட்ட இந்திய நாட்காட்டி நூல் இக்கணக்குகளுக்கெல்லாம் அட்டவணை தந்தது. அதனோடும் சிக்கல் தீரவில்லை. நாள்மீனைப் பற்றி நடக்கும் ஆண்டு பருவ ஆண்டைவிடச் சற்றே நீளம். ஏறத்தாழ 72 ஆண்டுகளுக்கு ஒரு நாள் பிந்திக்கொண்டே போகும். நானாசாகேப் மறைந்த ஆண்டில் மிருகம் பிறந்த நாள் இன்றையதைவிட மூன்று நான்கு நாள் முந்தியது. நிலவின் நழுவலைத் தடுக்க வந்த கணக்கும் மெல்ல நழுவுகிறது. மழையோ மீனைப் பார்த்துப் பெய்வதில்லை. 1928இல் வானிலைத் துறைத் தலைமையகம் சிம்லாவிலிருந்து புனேக்கு வந்தது. அந்த இடத்தை ஊரார் இன்றும் சிம்லா ஆபீஸ் என்றே அழைக்கின்றனர். பருவமழை தொடங்கும் இயல்பு நாள்களை அத்துறை 2020இல் திருத்தியமைத்தது.

புனேயின் பேஷ்வா தப்தரில் கட்டுக்கட்டாக இருக்கும் ஆவணங்களைப் படிப்போர்க்கு விதி சுருக்கமானது: சனவரி முதல் மே வரை எனில் ஷுஹூர் எண்ணோடு 600ஐயும், சூன் முதல் திசம்பர் வரை எனில் 599ஐயும் கூட்ட வேண்டும். மழை தொடங்கும் சூன் முதல் வாரத்துக் கடிதங்களில் மட்டும், எந்த எண்ணைக் கூட்டுவது என்று ஒவ்வொன்றாகப் பார்த்தாக வேண்டும்.