ககுத்மியின் 27 சதுர்யுகங்கள்: ஒரு காலப்பயண வாசிப்புக்கு மறுப்பு

பிரம்மலோகத்தில் ஒரு பாட்டு முடியும்வரை காத்திருந்த அரசன் பூமிக்குத் திரும்புவதற்குள் 27 சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன. பாகவதம் ஒன்பதாம் ஸ்கந்தத்தில் வரும் ரைவத ககுத்மியின் இந்தக் கதையைக் காலப்பயணத்தின் ஆதிச் சான்றாகக் கொள்ளும் போக்கு இன்று வலுத்துவருகிறது. பிரம்மலோகம் ஓர் ஆற்றல் புலம், அதற்குள் நுழைந்தவருக்குக் காலம் மெதுவாக ஓடும், ஆகவே புராணகாரர் கால நீட்சியை அறிந்திருந்தார் என்பது அந்த வாசிப்பின் சாரம். கதையில் வரும் எண்ணே இதற்கு இடங்கொடுக்கவில்லை என்பதுதான் இக்கட்டுரையின் வாதம்.

எதிர்த்தரப்பின் வலுவான ஆதாரம் ஒரு கணக்கு. பிரம்மாவின் பகல் 1,000 சதுர்யுகங்கள். அதைப் 12 மணி நேரமாக வைத்தால் 27 சதுர்யுகம் ஏறத்தாழ 19 நிமிடம். விரிவான ஓர் ஆலாபனைக்குச் சரியான நேரம் என்று வியக்கத் தோன்றும். ஆனால் ஒரு சதுர்யுகம் 43 விநாடி என்றால், ஒரு முழு மன்வந்தரத்தின் 71 சதுர்யுகங்களும் 51 நிமிடத்தில் அடங்கிவிடும். இடையிலுள்ள எந்த எண்ணைச் சொல்லியிருந்தாலும் அது ஒரு பாட்டுக்குப் பொருந்தியிருக்கும். எதை வைத்தாலும் பொருந்துகிற கணக்கு எதையும் நிறுவாது.

சிக்கலை அவிழ்ப்பது விஷ்ணு புராணத்தின் நான்காம் அம்சம். அங்கும் இதே கதை உரைநடையில் வருகிறது. ஹாஹா, ஹூஹூ என்னும் கந்தர்வர்களின் பாட்டை ரைவதன் கேட்கிறான். பல யுகங்கள் கடந்தும் அவனுக்கு அது ஒரு முகூர்த்தம்போலத் தோன்றுகிறது. முகூர்த்தத்தை 48 நிமிடம் என்று கண்டிப்பாகக் கொண்டால் பூமியில் 66 சதுர்யுகங்களுக்கு மேல் ஓடியிருக்க வேண்டும், 27 பொய்யாகிவிடும். சிறுபொழுது என்று தளர்வாகக் கொண்டால் கணக்குப் போடவே வழியில்லை. இதைவிட முக்கியமானது பிரம்மாவின் பதில். எத்தனை சதுர்யுகம் கழிந்தது என்பதற்கு அவர் தரும் விடை ‘பல’ என்பதுதான். எண் வருவது அடுத்த செய்தியில்: பூமியில் இப்போது நடப்பது 28ஆம் சதுர்யுகம், அதுவும் முடியும் தறுவாயில் இருக்கிறது. ஆக, விஷ்ணு புராணம் தருவது பயணத்தின் நீளமல்ல, பஞ்சாங்கத்தில் அன்றைய இடம். 28இல் நடப்பதைக் கழித்தால் 27. பாகவதம் சொல்வது இந்தக் கழித்தல் விடையை. விஷ்ணு புராணம் பாகவதத்துக்கு முந்தியது என்று பொதுவாக ஏற்கப்பட்ட கருத்தும் இதற்கு முரணில்லை. ஆயினும் நேரடிக் கடன் என்று சாதிப்பதற்கு இது மட்டும் போதாது.

அந்த 28 வாசகருக்குப் புதிதல்ல. ஸ்ரீரங்கத்துச் சன்னிதியானாலும் மன்னார்புரத்தில் ஒரு வீட்டுக் கிரகப்பிரவேசமானாலும், சங்கல்பத்தில் வைவஸ்வத மன்வந்தரத்தின் 28ஆவது கலியுகம் என்றுதான் காலம் குறிக்கப்படுகிறது.

இந்தக் கழித்தல் ஏன் தேவைப்பட்டது? வைவஸ்வத மனுவின் மகன் சர்யாதி, அவன் மகன் ஆனர்த்தன், அடுத்து ரேவதன், அவன் மகன் ககுத்மி. மன்வந்தரத்தின் தொடக்கத்திலேயே நிற்கும் இந்தக் கிளை அத்துடன் அறுந்துபோகிறது, அதன் தலைநகரான குசஸ்தலி பாழாகிறது. ஆனால் ககுத்மியின் மகள் ரேவதி, 28ஆம் துவாபரத்தின் இறுதியில் வாழ்ந்த பலராமனின் மனைவி. நடுவே நிரப்பத் தலைமுறைகள் இல்லை. பிரம்மலோகத்துப் பாட்டு அந்தப் பள்ளத்தை நிரப்புகிறது. உயரமாக இருந்த ரேவதியைப் பலராமன் கலப்பை நுனியால் தாழ்த்தினான் என்று விஷ்ணு புராணம் சேர்த்துச் சொல்வதும் யுக வேறுபாட்டின் கவலைதான். கால நீட்சிக்கு இதில் வேலையில்லை.

இதைச் சோதித்துப் பார்க்கக் காவிரிக்கரையிலேயே ஒரு சான்று இருக்கிறது. ஸ்ரீரங்க மாகாத்மியத்தின்படி ரங்க விமானம் பிரம்மலோகமாகிய சத்தியலோகத்தில் பிரம்மா ஆராதித்தது. இக்ஷ்வாகு தவமிருந்து அதைப் பெற்றான். அயோத்தியில் தலைமுறை தலைமுறையாகப் பூசை நடந்தது. இராமன் விபீஷணனுக்கு அளித்தான். வழியில் காவிரித் தீவில் அது நிலைகொண்டது. இக்ஷ்வாகு யார்? சர்யாதியின் உடன்பிறந்தவன். பிரம்மலோகம் உண்மையில் காலத்தை மெதுவாக்கும் ஒரு புலமாக இருந்தால், பிரம்மா 43 விநாடி யோசித்து வரம் கொடுப்பதற்குள் பூமியில் 43,20,000 ஆண்டு ஓடியிருக்கும். இக்ஷ்வாகுவின் தவத்துக்குப் பதிலே வந்திருக்காது. கதையிலோ ஒரு நாள்கூடப் பிசகவில்லை. காரணம் எளிது: இக்ஷ்வாகுவின் வரிசை இராமன் வழியாகப் பாரதப் போரில் அபிமன்யு கையால் மடிந்த பிருகத்பலன்வரை அறாமல் வருகிறது. வம்சம் அறுந்த இடத்தில்தான் காலம் தாவுகிறது. இராமனை 24ஆம் திரேதையில் வைக்கும் புராணங்களைக் காட்டி மறுக்கலாம். அந்த எண்ணும் இந்த அரசர் வரிசையைக் கலைக்கவில்லை.

புராணகாரர் சார்பியல் அறிந்தவர் என்ற வாதத்துக்கு நீண்ட பதில் தேவையில்லை. சார்பியலில் வேகமும் ஈர்ப்பும் மாறினால் கால வேறுபாடும் மாறும். இக்கதையில் அப்படி மாறும் அளவு ஒன்றுமே கிடையாது.

காலப்பயணத்தைக் கட்டுப்படுத்தும் ஆற்றல் என்ற கற்பனை இயந்திர யுகத்தின் பிள்ளை. 1887இல் ஸ்பானிய எழுத்தாளர் என்ரிக்கே காஸ்பார் தம் நாவலில் மின்சாரத்தால் ஓடும் இரும்புப் பெட்டியையும், பின்னோக்கிப் போகும் பயணிகள் இளமையாகிக் கரையாமல் காக்கும் ஒரு கற்பனைத் திரவத்தையும் படைத்தார். எச். ஜி. வெல்ஸின் காலயந்திரம் 1895இல் வந்தது. 1988இல் இயற்பியலாளர்கள் மோரிஸும் தோர்னும் புழுத்துளையைத் திறந்துவைக்க எதிர்மறை ஆற்றல் வேண்டும் என்று காட்டினர். ‘இன்று நேற்று நாளை’ (2015) படத்தின் இயந்திரமும் ‘24’ (2016) படத்தின் கைக்கடிகாரமும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்தவை: பயணிப்பவர் காலத்தைத் தேர்ந்தெடுக்கலாம், திரும்பியும் வரலாம். ககுத்மிக்கு இரண்டுமே வாய்க்கவில்லை. விட்டுவந்த காலத்துக்கு அவன் திரும்பவே இல்லை. மகளைக் கொடுத்துவிட்டுத் தவத்துக்குப் போனான்.

ஆகவே ககுத்மியின் கதையைக் காலப்பயணப் புனைவின் வரலாற்றிலிருந்து எடுத்து, அதற்கு உரிய இடமான வம்சானுசரிதத்தில், அதாவது அரச வம்சங்களின் வரலாற்றில், வைத்துப் படிப்பதே முறை.